கட்டிய இடம் மனிதரை எப்படி நடத்துகிறது: ராமநாதபுரம் கடற்கரையில் பயன்பாட்டு ஆய்வு செய்ய வருபவர்களுக்கு

வடகடல் (பாக் விரிகுடா) ஓரத்து ஊர் ஒன்றில் வலை பழுதுபார்ப்பதற்கென்றே கட்டப்பட்ட கூடம் ஒன்று, திறந்து மூன்று ஆண்டுகள் ஆகியும் பகல் முழுவதும் காலியாகவே கிடந்தது. அதிலிருந்து நாற்பது அடி தள்ளி நிற்கும் பூவரச மரத்தடியில் மட்டும் எப்போதும் பத்துப் பதினைந்து பேர் வலையோடு உட்கார்ந்திருந்தார்கள். இது ஏன் என்று முறையாகக் கண்டறியும் வேலையை நாங்கள் மூன்று பேர் எடுத்துக்கொண்டோம். மூன்று மாதத்தில் முடித்துவிடலாம் என்று தொடங்கியது பதினோரு மாதம் இழுத்தது. அதில் பாதிக்கு மேற்பட்ட காலம், தவறாக எழுதிய கடிதத்தாலும் தவறாகத் தேர்ந்த மாதத்தாலும் தவறாகக் கேட்ட கேள்வியாலும் வீணானது. ஏலக்கூடம், பேருந்து நிழற்குடை, புயல் பாதுகாப்பு மையம், சுனாமிக் குடியிருப்பு, கடற்கரைப் பூங்கா என எதை ஆராய வந்தாலும் அந்தக் காலம் உங்களுக்கு மிச்சமாக வேண்டும் என்பதற்காக இதை எழுதுகிறேன். ஊரின் பெயரை எழுதவில்லை. சிறிய ஊர், பெயர் சொன்னால் ஆட்களையும் அடையாளம் கண்டுவிடலாம்.

1. கேள்வியை ஒரே வாக்கியத்தில் எழுதுங்கள்

"இந்தக் கூடம் நன்றாக இருக்கிறதா?" என்ற கேள்விக்கு எந்தப் பதிலும் பயன்படாது. "யார், எந்த நேரத்தில், இந்தக் கூடத்தில் என்ன செய்கிறார்கள்? அதே வேலையை வேறு எங்கே செய்கிறார்கள்?" என்று எழுதினால் அதைப் போய்ப் பார்க்க முடியும், எண்ண முடியும். கட்டடம் எதற்காகக் கட்டப்பட்டது என்பதையும் பக்கத்திலேயே எழுதிக்கொள்ளுங்கள். அந்த நோக்கத்துக்கும் அங்கே நடப்பதற்கும் உள்ள தூரத்தைத்தான் நீங்கள் அளக்கப் போகிறீர்கள்.

முதல் நாளிலேயே ஓர் எச்சரிக்கை. "மக்களுக்குப் பயன்படுத்தத் தெரியவில்லை" என்று யாராவது உங்களிடம் சொல்வார்கள், கட்டியவர்கள் கட்டாயம் சொல்வார்கள். அதை ஒரு கருத்தாகக் குறித்து வையுங்கள், காரணமாக எடுத்துக்கொள்ளாதீர்கள். நாற்பது ஆண்டு வலை பொத்திய கைக்கு உட்கார இடம் தேர்ந்தெடுக்கத் தெரியாது என்று நம்புவதற்கு எனக்கு எந்த ஆதாரமும் கிடைக்கவில்லை.

2. கடிதங்களும் அனுமதிகளும்

கடிதத்தில் "மதிப்பீடு" என்ற சொல்லைப் போடாதீர்கள். அரசு அலுவலகங்களில் மதிப்பீடு என்றால் கட்டுமானச் செலவுக் கணக்கு என்றுதான் பொருள். எங்கள் முதல் கடிதம் அந்த ஒரு சொல்லால் பொறியியல் பிரிவுக்குப் போய், அங்கே மூன்று வாரம் கிடந்து, "எங்களுக்குத் தொடர்பில்லை" என்ற குறிப்போடு திரும்பி வந்தது. "பயன்பாட்டு ஆய்வு" என்று எழுதுங்கள். யார் செய்கிறீர்கள், எத்தனை நாள், எந்த நேரம், படம் எடுப்பீர்களா, முடிவை யாரிடம் கொடுப்பீர்கள் என்ற ஐந்தையும் ஒரே பக்கத்தில் அடக்குங்கள்.

அந்தக் கடிதம் நான்கு இடங்களுக்குப் போக வேண்டும். கட்டடம் யார் பொறுப்பில் இருக்கிறதோ அந்த அலுவலகம், அதாவது மீன்வளத் துறையோ ஊராட்சியோ, முதலாவது. ஊர்த் தலைவரும் கமிட்டியும் இரண்டாவது. ஊரைப் பொறுத்து ஜமாத்தையோ பங்குத்தந்தையையோ பார்க்க வேண்டியிருக்கும். மகளிர் சுய உதவிக் குழு மூன்றாவது. நாங்கள் இதை விட்டுவிட்டோம், அதன் விலையைப் பின்னால் சொல்கிறேன். கடலோரக் காவல் நிலையம் நான்காவது. இலங்கைக்கு இவ்வளவு அருகில் உள்ள கடற்கரையில் வெளியூர்க்காரர் ஒருவர் டேப் பிடித்து அளந்து, ஆட்களை எண்ணி, வரைபடம் போட்டுக்கொண்டிருந்தால் சந்தேகம் வருவது இயற்கை. கடிதத்தின் நகலில் நிலைய முத்திரையோடு கையொப்பம் வாங்கி, எண்ணும் நாள்தோறும் சட்டைப்பையில் வைத்திருங்கள்.

டிரோன் வேண்டவே வேண்டாம். உச்சிப்புளியில் கடற்படையின் விமானத்தளம் இருக்கிறது, மண்டபத்தில் கடலோரக் காவல்படை இருக்கிறது. மொட்டைமாடியிலிருந்து எடுத்த ஒரு படமும் நடந்து வரைந்த ஒரு படமும் இந்த வேலைக்குப் போதும். உங்கள் இடம் மன்னார் வளைகுடாத் தேசியப் பூங்காவின் 21 தீவுகளைச் சார்ந்ததாக இருந்தால் வனத்துறை அனுமதியைத் தனியாகப் பெற வேண்டும்.

கட்டடத்தின் வரைபடமும் செலவுக் கணக்கும் கேட்டவுடன் கிடைப்பது அரிது. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் 10 ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி விண்ணப்பியுங்கள். நகலுக்குப் பக்கத்துக்கு 2 ரூபாய். பெரிய தாளில் உள்ள வரைபடத்துக்கு அடக்கச் செலவைக் கேட்பார்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு செய்யலாம். "கூடம் தொடர்பான அனைத்து விவரங்களும்" என்று கேட்காமல், "தரைத்தள வரைபடம், குறுக்குவெட்டு வரைபடம், பணி முடிப்புச் சான்று" என்று ஆவணத்தின் பெயரைச் சொல்லிக் கேளுங்கள். இந்த இரண்டு மாதத்தையும் மற்ற வேலைகளுக்குப் பயன்படுத்திக்கொள்ள, விண்ணப்பத்தை முதல் நாளே அனுப்பிவிடுவது நல்லது.

கல்லூரி மூலம் செய்பவர்கள் நெறிமுறைக் குழுவின் ஒப்புதல் இல்லாமல் ஒருவரையும் பேட்டி எடுக்க வேண்டாம். குழு எப்போது கூடும் என்று கேட்டு, அதைக் கணக்கில் வைத்துத் திட்டமிடுங்கள்.

3. கடலின் நாட்காட்டியைத் தெரிந்துகொண்டு நாள் குறியுங்கள்

வெளியிலிருந்து வருபவர்கள் எல்லோரும் சறுக்கும் இடம் இதுதான். கல்லூரி விடுமுறை என்பதால் நாங்கள் மே மாதத்தில் எண்ணினோம். கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். விசைப்படகுகள் கரையில் நின்றன. படகிலும் வேலை, வலையிலும் வேலை. ஆண்டு முழுவதும் காணாத கூட்டம் கரையில் இருந்தது. அந்த எண்ணிக்கையை வைத்து அறிக்கை எழுதியிருந்தால் கூடம் போதவில்லை, இன்னொன்று கட்டுங்கள் என்றுதான் எழுதியிருப்போம். அந்தத் தாள்கள் அத்தனையையும் ஒதுக்கிவிட்டு மீண்டும் தொடங்கினோம்.

வாரத்துக்குள்ளும் ஒரு கணக்கு இருக்கிறது. வடகடலில் வழக்கமாக விசைப்படகுகள் திங்கள், புதன், சனி போகும். நாட்டுப்படகுகள் மற்ற நான்கு நாட்கள் போகும். விசைப்படகு போனால் மறுநாள் காலையில்தான் கரை திரும்பும். ஆகவே ராமேஸ்வரத்தில் செவ்வாய் காலை பார்க்கும் துறைமுகமும் திங்கள் காலை பார்க்கும் துறைமுகமும் ஒன்றல்ல. இதற்கு மேல் வெள்ளிக்கிழமைத் தொழுகை, ஞாயிறு பூசை, ஊரில் ஒரு சாவு, வேலைநிறுத்தம், புயல் எச்சரிக்கை என எதுவும் நாளைப் புரட்டிவிடும். ராமேஸ்வரம் நகருக்குள் ஆராய்பவர்கள் தை அமாவாசையையும் ஆடி அமாவாசையையும் சாதாரண நாட்களோடு கலக்காமல் தனித் தாளில் எடுங்கள்.

காற்றைக் கேட்காமல் இருக்கவே கூடாது. வடகிழக்கிலிருந்து வாடைக்காற்று வீசும் மாதங்களில் வடகடல் கொந்தளிக்கும், தென்கடல் (மன்னார் வளைகுடா) அடங்கியிருக்கும். தென்மேற்குக் காற்றான கச்சான் வீசும் மாதங்களில் இது தலைகீழாகும். சிறு படகுக்காரர்கள் பலர் கடலை மாற்றிக்கொண்டு தொழில் செய்வார்கள். வாடையில் காற்றுக்கு மறைவாக இருக்கும் சுவர், கச்சானில் மனிதரைப் புழுங்க வைக்கும். ஒரே காற்றில் எண்ணிவிட்டு ஒரு கட்டடத்தைப் பற்றித் தீர்ப்புச் சொல்வது நியாயமில்லை.

நாங்கள் கடைசியில் பின்பற்றியது இது: ஒரு காற்றுக்காலத்துக்கு 4 நாள் வீதம் 8 நாள். அந்த நான்கில் நாட்டுப்படகு கடலுக்குப் போகும் நாள் இரண்டு, போகாத நாள் ஒன்று, ஊர் ஓய்வு நாள் ஒன்று. இதற்குக் குறைந்தது ஆறு மாத இடைவெளி தேவை என்பதை ஆய்வுக்குப் பணம் தருபவரிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

4. ஆட்களைப் பார்ப்பதற்கு முன் தடயங்களைப் பாருங்கள்

யாரும் இல்லாத நேரத்தில், விடிவதற்குச் சற்று முன்போ நண்பகலிலோ, தனியாகப் போய் ஒரு மணி நேரம் தரையையும் தூணையும் மரத்தையும் பாருங்கள். தேய்ந்த இடம், கறை, குப்பை, ஆட்கள் தாங்களாகச் செய்துகொண்ட மாற்றம், சுவரில் எழுதியது, இவற்றைத் தேதியோடு குறியுங்கள்.

பூவரச மரத்தின் அடிமரத்தில், உட்கார்ந்தவர் தோள் உயரத்துக்குக் கொஞ்சம் மேலே, ஒரு விரற்கடை அகலத்துக்குப் பட்டை தேய்ந்து பளபளவென்று இருந்தது. வலையின் ஒரு முனையை அங்கே கட்டி இழுத்து, மறுமுனையைக் கால் கட்டைவிரலில் மாட்டிக்கொண்டு ஊசியைக் கோத்தால்தான் கண்ணிகள் விரிந்து கிழிசல் தெரியும். கூடத்தில் எட்டுத் தூண்கள் இருந்தன, எல்லாம் வழவழப்பாகப் பூசிய உருளைத் தூண்கள். கயிறு கட்டினால் வழுக்கிக் கீழே இறங்கும். ஒரே ஒரு தூணில் யாரோ ஆணி அடித்துப் பார்த்திருக்கிறார்கள். ஆணி வளைந்து, பூச்சு ஒரு உள்ளங்கை அளவுக்குப் பெயர்ந்திருந்தது. அந்த வளைந்த ஆணி எனக்குச் சொன்ன அளவுக்கு முதல் பத்துப் பேட்டிகள் சொல்லவில்லை.

இன்னொரு தடயமும் இருந்தது. கூடத்தின் வடமேற்கு மூலையில் பென்சில் சீவிய சுருள்கள் கிடந்தன. தூணில் சாக்பீஸால் பதினேழாம் வாய்ப்பாடு எழுதியிருந்தது. அதைப் படம் எடுத்து வைத்தோமே தவிர, அதன் பொருளை உணர எங்களுக்கு நான்கு மாதம் ஆனது.

5. வரைபடத்தில் எண்ணுங்கள்

இடத்தின் தரைப்படத்தை ஒரு தாளில் அடங்கும்படி வரைந்து, ஒரு சுற்றுக்கு ஒரு தாள் வீதம் நகலெடுங்கள். கூடத்தை மட்டும் வரையாமல் மரத்தடி, டீக்கடைப் பெஞ்சு, படகின் நிழல் என அதே வேலை நடக்கும் எல்லா இடத்தையும் சேருங்கள். காலியான கூடத்தை மட்டும் எண்ணினால் கிடைப்பது பூச்சியம்தான். அரை மணிக்கு ஒரு முறை, ஒரே வழியில், மூன்று நிமிடத்தில் நடந்து முடித்து, அந்தக் கணத்தில் இருப்பவர்களைக் குறியுங்கள். ஆணுக்கு வட்டம், பெண்ணுக்கு முக்கோணம், பிள்ளைகளுக்குப் புள்ளி. உள்ளே ஓர் எழுத்து: வலை "வ", பேச்சு "பே", படுத்திருப்பது "ப", காத்திருப்பது "கா". தாளின் மேல் தேதி, நேரம், காற்று, வெயில் அல்லது மேகம், படகுகள் கடலில் இருக்கின்றனவா கரையிலா என்பது.

மடியில் வலையை வைத்துக்கொண்டு பேசுபவர் "வ"வா, "பே"யா? இப்படிப்பட்ட விதிகளை எண்ணும் முன்பே எழுதிவைக்க வேண்டும். கை வலையில் இருந்தால் "வ" என்று நாங்கள் வைத்தோம். பிறகு இரண்டு பேர் ஒரே நேரத்தில் தனித்தனியாக எண்ணி ஒப்பிட்டுப் பாருங்கள். நூறு குறிகளில் எண்பதாவது ஒத்துப்போகாவிட்டால் விதிகளைத் திருத்திவிட்டு மீண்டும் பயிற்சி எடுங்கள். முதல் இரண்டு நாள் தாள்களைக் கணக்கில் சேர்க்காதீர்கள். புதிய ஆள் தாளோடு நிற்கிறார் என்றால் மனிதர் நடந்துகொள்வது மாறும். மூன்றாம் நாள் "வந்துட்டீகளா?" என்று சாதாரணமாகக் கேட்பார்கள், அன்றைக்கு ஆய்வைத் தொடங்கலாம்.

நாங்கள் காலை 6 மணி முதல் மாலை 6.30 வரை எண்ணினோம், வலை வேலை இருட்டியதும் நின்றுவிடும் என்பதால். ஒரு நாள் கடைசிப் பேருந்தைத் தவறவிட்டு இரவு 8 மணிக்கு அந்த வழியாக நடந்தபோதுதான் கூடத்தின் ஒற்றை விளக்கின் கீழ் ஒன்பது பெண் பிள்ளைகள் வரிசையாக உட்கார்ந்து படித்துக்கொண்டிருந்ததைப் பார்த்தோம். காற்றில் தாள் பறக்காமல் ஆளுக்கொரு சங்கைப் புத்தகத்தின் மேல் வைத்திருந்தார்கள். மகளிர் குழுவை முதலிலேயே பார்த்திருந்தால் இது எங்களுக்கு முதல் வாரமே தெரிந்திருக்கும். கடல் பக்க அரைச்சுவரை (அது எதற்குத் தடையாக இருந்தது என்பதை அடுத்த பகுதியில் சொல்கிறேன்) இடித்துவிடலாம் என்று அந்த வாரம்தான் பரிந்துரை எழுதத் தொடங்கியிருந்தோம். அந்தச் சுவர்தான் அவர்களுக்குக் காற்றையும் வெளியார் பார்வையையும் மறைத்தது. அதன் பிறகு இரவு 9 வரை, நாளுக்கு 31 சுற்று எண்ணினோம். நீங்களும் ஒரு முழு இரவையாவது பாருங்கள்.

முகம் தெரியும் படம் எடுக்காதீர்கள். பெண்கள் கருவாடு காயவைக்கும் இடத்திலும் கடற்பாசி எடுத்துவிட்டு ஈர உடையோடு கரையேறும் இடத்திலும் கைப்பேசியை வெளியே எடுக்கவே வேண்டாம்.

6. பேட்டியைக் கடைசியில் வையுங்கள்

முதலில் கேட்டால் மரியாதைக்காக "நல்லாத்தான் கட்டியிருக்காக" என்பார்கள். அரசு கொடுத்ததைக் குறை சொன்னால் அடுத்தது வராது என்ற பயமும் இருக்கிறது. எண்ணி முடித்த பிறகு, தாளைக் காட்டி, "அண்ணே, காலையில பத்து மணிக்கு மரத்தடியில பதினாலு பேர், கூடத்துல ஒருத்தருமில்ல, இது சரியா?" என்று கேளுங்கள். கருத்தைக் கேட்காமல் நேற்றைக்கு நடந்ததைக் கேளுங்கள். ஒரு பெரியவர் எங்களைக் கூடத்துக்குள் அழைத்துப்போய்த் தரையில் உட்கார வைத்து, "இங்கன இருந்து என் படகு தெரியுதா தம்பி?" என்று கேட்டார். தெரியவில்லை. அரைச்சுவர் உட்கார்ந்தவர் கண்ணை மறைத்தது. நின்றுகொண்டே வரைபடத்தைச் சரிபார்த்த எங்களுக்கு அது தோன்றவே இல்லை. எந்த இடத்தை ஆராய்ந்தாலும், அங்கே மனிதர் எந்த நிலையில் இருப்பாரோ அந்த நிலையில் நீங்களும் ஒரு மணி நேரம் இருந்து பாருங்கள்.

பெண்களை ஒரு பெண் பேட்டி எடுக்கட்டும். ஏலம் முடிந்து கூடையோடு பேருந்துக்கு நிற்பவரை நிறுத்திக் கேட்காதீர்கள். அவருக்கு ஐஸ் கரைகிறது.

7. அளவீடுகள்

ஒரு சாதாரண வெப்பமானியை உட்கார்ந்தவர் உயரத்தில், நிழலில், கூடத்திலும் மரத்தடியிலும் ஒரே நேரத்தில் படியுங்கள். காற்றுக்கு, கம்பில் கட்டிய சேலைத்துணிக் கீற்று போதும். மேற்கு வெயில் எத்தனை மணிக்கு எந்த வரிசை வரை உள்ளே வருகிறது என்று தரையில் சாக்பீஸால் கோடு போடுங்கள். அதற்கு மேல் கருவி வாங்கத் தேவையில்லை.

8. செலவு

எங்களுக்கு ஆனது ஏறத்தாழ 18,500 ரூபாய். எண்ணுவதற்கு உள்ளூர்ப் பிள்ளைகள் இருவருக்கு அரை நாளுக்கு 500 வீதம் 8 நாளைக்கு 8,000, பேருந்து 4,500, வெப்பமானி, டேப், பலகை 1,800, டீ, தண்ணீர் 1,500, கடைசிக் கூட்டத்துக்கு 1,500, நகல் 1,200. மே மாதத்தில் வீணான செலவு இதில் சேரவில்லை. உள்ளூர்ப் பிள்ளைகளுக்குக் கூலி கொடுக்காமல் "அனுபவம்" என்று சொல்லி வேலை வாங்காதீர்கள். காற்றும் வெயிலும் அவர்களுக்கும்தான்.

9. கணக்கைப் படிக்கும்போது

கூட்டம் அதிகம் என்பதால் இடம் நன்றாக இருக்கிறது என்று எழுதிவிடாதீர்கள். டென்மார்க்கின் கட்டடக் கலைஞர் யான் கெல், மனிதர் செய்தே ஆக வேண்டிய செயல்களையும் விருப்பப்பட்டுச் செய்யும் செயல்களையும் பிரித்துப் பார்க்கச் சொன்னார். இது இங்கே அப்படியே பொருந்தும். ஏலக்கூடம் எவ்வளவு மோசமாக இருந்தாலும் ஏலத்துக்கு வந்தே ஆக வேண்டும். ஏலம் முடிந்த பிறகும் யார் தங்குகிறார்கள், எங்கே சாய்ந்து உட்காருகிறார்கள் என்பதில்தான் இடத்தின் குணம் தெரியும்.

காரணம் சொல்லும்போது நிதானமாக இருங்கள். தூணில் கயிறு நிற்காதது, படகு தெரியாதது, மேற்கு வெயில் என மூன்று காரணங்கள் எங்கள் கையில் இருந்தன. எது பெரியது என்று எண்ணிக்கை மட்டும் சொல்லாது. ஆகவே ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும், செலவில்லாமல், திருப்பி எடுக்கக்கூடியபடி மாற்றிப் பார்த்தோம். முதலில் தூண்களுக்குச் சாக்கு சுற்றிக் கயிறு கட்டினோம். காலையில் நான்கைந்து பேர் வரத் தொடங்கினார்கள், பிற்பகலில் ஒருவரும் இல்லை. பிறகு மேற்கே தென்னங்கிடுகு கட்டி வெயிலை மறைத்தோம். பிற்பகலிலும் சிலர் வந்தார்கள். சுவரை இடிப்பதற்குப் பதிலாக, படகு நிற்கும் திசையில் மட்டும் மூன்றடி அகலத்துக்குத் திறப்பு விடச் சொல்லி எழுதினோம். பிள்ளைகள் உட்காரும் மூலையைத் தொடவில்லை.

10. ஊரிடம் கொடுங்கள்

அறிக்கையை அலுவலகத்தில் கொடுப்பதற்கு முன் ஊர்க் கூட்டத்தில் பெரிய தாளில் வரைந்து காட்டுங்கள், தவறுகளை அங்கேயே திருத்துவார்கள். பிறகு கிராம சபையில் தீர்மானமாகக் கொண்டுவரச் சொல்லுங்கள். ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 ஆகிய ஆறு நாட்களில் எது உங்களுக்கு அருகில் வருகிறதோ அதற்கு இரண்டு வாரம் முன்பே தலைவரிடம் ஒரு பக்கச் சுருக்கத்தைத் தமிழில் கொடுத்துவிடுங்கள். தீர்மானத்தின் நகல் இணைந்த கோரிக்கைக்கும் இணையாத கோரிக்கைக்கும் அலுவலகத்தில் கிடைக்கும் மரியாதையே வேறு.

மாற்றம் செய்த மறுவாரமே மறு எண்ணிக்கை எடுக்காதீர்கள். புதிது என்பதற்காகவே பத்துப் பேர் வந்து பார்ப்பார்கள். அதே காற்று திரும்பும் வரை காத்திருந்து, அதே வகை நாட்களில், அதே தாளில், இரவு 9 மணிச் சுற்று வரை எண்ணுங்கள். பழைய தாள்களை மழைக்கு முன் பிளாஸ்டிக் உறையில் போட்டு, ஒரு படியை ஊராட்சி அலுவலகத்திலும் ஒரு படியை மகளிர் குழுவிடமும் வைத்துவிடுங்கள். மறு எண்ணிக்கை எடுக்க நீங்களே வர முடியாமல் போனாலும், எண்ணிப் பழகிய பிள்ளைகள் ஊரில் இருப்பார்கள்.